பின்னால் '1943' என்று எழுதியிருந்தால் போதுமா?

கேள்வி: பள்ளி ஆண்டு மலரில் போட அப்புச்சி வீட்டுப் பெட்டியில் ஒரு படம் கிடைத்தது. விமானத்துக்குப் பக்கத்தில் நாலு பேர். போர்க்காலத்தில் இங்கே எடுத்தது என்கிறார்கள். பின்னால் பால்பாயின்ட் பேனாவில் '1943'. நம்பிப் போடலாமுங்களா? (வாசகர், சூலூர்)

பதில்: அந்த எழுத்து சாட்சி ஆகாது. பால்பாயின்ட் பேனா நம் பக்கம் புழங்கியதே போர் முடிந்த பிறகுதான். யாரோ பின்னாளில் நினைவிலிருந்து எழுதியிருக்கிறார்கள், சரியாகவும் இருக்கலாம்.

விமானத்தின் வட்டக் குறியை லென்ஸ் வைத்துப் பாருங்கள். ஜப்பான் விமானத்தின் சிவப்பு வட்டம் என்று நினைத்துத் தங்கள் விமானத்தையே சுட்டுவிடக் கூடாதென்று, 1942 முதல் இந்தப் பக்கத்து பிரிட்டிஷ் விமானங்களில் நடுச் சிவப்பை எடுத்துவிட்டார்கள். கறுப்பு-வெள்ளைப் படத்தில் சிவப்பு கறுப்பாய்த் தெரியும்; எனவே நடு கறுத்திருந்தால் அதற்கு முந்தையது, இல்லையேல் போருக்குப் பிந்தையது. வெளுத்திருந்தால் இடைப்பட்ட காலம். குறியின் இருபுறமும் வெள்ளைப் பட்டை இருந்தால் கடற்படை விமானம், 1945-ஐ ஒட்டியது. சூலூரில் அப்போது பிரிட்டிஷ் கடற்படைத் தளம் இருந்ததால் இது நடக்கக்கூடியதே.

அடுத்து காகிதம். கள்ளநோட்டு பார்க்கும் ஊதா விளக்கை இருட்டறையில் காட்டுங்கள். நீலமாய் ஒளிர்ந்தால் வெண்மையைக் கூட்டிக் காட்டும் பொருள் சேர்த்த காகிதம். 1950-களுக்குப் பிறகு போட்ட பிரதி. நெகட்டிவ் பழையதாக இருக்கலாம். ஒளிராவிட்டால் பழையது என்று மட்டும் முடிவு கட்டாதீர்கள். ஆல்பத்திலிருந்து பிய்த்தெடுக்காமல், முன்னும் பின்னும் 600 டிபிஐயில் ஸ்கேன் செய்துகொள்ளுங்கள்.

பதிப்புரிமை வேறு கணக்கு. பெட்டியில் இருப்பதாலேயே உங்களுடையதாகாது. இந்தியாவில் 1951 வரை வெளியான படங்களுக்கு உரிமைக் காலம் முடிந்துவிட்டது. வெளியாகாத படத்தில்தான் சிக்கல். ஸ்டுடியோக்காரருக்குக் காசு கொடுத்து எடுக்கச் சொன்னவரே, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், முதல் உரிமையாளர். அப்புச்சிதான் எடுக்கச் சொன்னார் என்றால், அவர் இல்லாத நிலையில், மாமன்மார் மட்டுமல்ல, அம்மா உட்பட அவருடைய வாரிசுகள் எல்லோரிடமும் கையெழுத்து வாங்கிவிடுங்கள்.

வட்டத்தின் நடு வெளுத்திருந்து, ஆண்டு மட்டும் உறுதியாகாவிட்டால் '1942-45 வாக்கில்' என்று போடுங்கள், '1943' வேண்டாம்.

கேள்வி: 1971 போர்ப் படம் ஒன்றை நெட்டில் எடுத்தேன். பேனரில் போடலாமா? (வாசகர், ஈரோடு)

பதில்: கேட்காமல் போடாதீர்கள். அந்த ஆண்டு வெளியான அரசுப் படமென்றால் 2031 முடிய உரிமை உண்டு. தனியார் எடுத்ததென்றால் அவர் ஆயுளும் அதற்கு மேல் 60 ஆண்டும்.