பழைய கோல்ஃப் ஜிடிஐ வாங்குமுன்: தலைமுறையை அல்ல, எஞ்சினைப் பாருங்கள்

கேள்வி: லண்டன் ஹாரோவில் வசிக்கிறேன். பழைய ஃபோக்ஸ்வாகன் கோல்ஃப் ஜிடிஐ ஒன்று வாங்க வேண்டும் என்பது நெடுநாள் ஆசை. 10 ஆயிரம் பவுண்டு வரை ஒதுக்கியிருக்கிறேன். வீட்டில் நாங்கள் இருவர், 3 வயதுப் பிள்ளை ஒன்று. வேலைக்குப் போக வர தினமும் 35 மைல். மார்க் 5, மார்க் 6, மார்க் 7 என்று மூன்று தலைமுறையுமே விளம்பரங்களில் தென்படுகின்றன. எதை எடுப்பது? ஊரில் உறவினர் காரில் டிஎஸ்ஜி என்ற இரட்டைக் கிளட்ச் ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸ் கெட்டுப் பெருஞ்செலவு வைத்ததால் ஆட்டோமேட்டிக் என்றாலே தயக்கமாக இருக்கிறது. மனதுக்குள் மார்க் 1 ஆசையும் உண்டு. அதைத் தினசரி ஓட்ட முடியுமா?

பதில்: உங்கள் ஓட்டத்துக்கும் குடும்பத்துக்கும் 2013 முதல் 2016 வரை வந்த மார்க் 7தான் பொருத்தம். சர்வீஸ் ரசீதுகளோடு அது அமையவில்லை என்றால், நன்றாகப் பராமரித்த மார்க் 5-க்குப் போகலாம். சாதாரண மார்க் 6-ஐக் கடைசியாக வையுங்கள். புதியதை விட்டுப் பழையதற்கு ஏன் தாவச் சொல்கிறோம் என்று தோன்றும். காரணம் பானெட்டுக்கு அடியில் இருக்கிறது. வெளியே எல்லாவற்றிலும் அதே சிவப்புக் கோடும் அதே மூன்று எழுத்தும்தான். உள்ளே மூன்றும் மூன்று எஞ்சின்கள். ஒவ்வொன்றும் கெட்டுப்போகும் விதம் வேறு.

முதலில் கொஞ்சம் வரலாறு. 1975-இல் ஃப்ராங்க்ஃபர்ட் கண்காட்சியில் முதல் ஜிடிஐ காட்டப்பட்டது, 1976-இல் விற்பனைக்கு வந்தது. 1.6 லிட்டர் எஞ்சின், 110 குதிரைத்திறன், எடை சுமார் 810 கிலோ. 5,000 கார் விற்றால் போதும் என்று தொடங்கி, மார்க் 1 மட்டுமே 4.6 லட்சத்தைத் தொட்டது. கட்டம் போட்ட சீட் துணியும் கோல்ஃப் பந்து வடிவக் கியர் குமிழும் குன்ஹில்ட் லில்யெக்விஸ்ட் என்ற வடிவமைப்பாளரின் கைவண்ணம். அடுத்து வந்த மார்க் 2-இல் 1986 முதல் 139 குதிரைத்திறன் கொண்ட 16 வால்வு எஞ்சினும் கிடைத்தது. இன்றைக்கும் பழைய கார் பிரியர்கள் தேடித் திரிவது அதைத்தான்.

அதன்பின் சரிவு. மார்க் 3-இன் அடிப்படை ஜிடிஐ 2 லிட்டர், 115 குதிரைத்திறன். உடல் பெருத்துவிட்டதால் மார்க் 1-ஐ விட மெதுவாகவே ஓடியது. மார்க் 4-இல் ஜிடிஐ என்பது வெறும் அலங்காரப் பெயராகிவிட்டது. பிரிட்டனில் 115 குதிரைத்திறன் டர்போ இல்லாத எஞ்சினுக்கும் அந்தப் பட்டையை ஒட்டி விற்றார்கள். மலிவாகக் கிடைக்கிறது என்று அந்த இரண்டின் பக்கம் போக வேண்டாம். ஓட்டும்போது கிடைக்கிற மகிழ்ச்சிக்காக வாங்குகிற கார் இது. அது அந்த இரண்டிலும் குறைவு.

மார்க் 5தான் மானத்தைக் காப்பாற்றியது. 2004 இறுதியில் வந்தது. 2 லிட்டர் டர்போ, 200 குதிரைத்திறன், 280 நியூட்டன் மீட்டர் இழுவிசை, பின்பக்கம் பல இணைப்புக் கம்பிகள் கொண்ட சஸ்பென்ஷன். எடை 1,300 கிலோவைத் தாண்டியிருந்தாலும் வளைவில் அது தெரியாது. இதில் இருப்பது இஏ113 என்ற எஞ்சின். வால்வும் பிஸ்டனும் நேரம் தப்பாமல் இயங்க வைக்கும் டைமிங் பெல்ட் உள்ளது. வலுவான எஞ்சின்தான், ஆனால் ஒரே ஒரு சின்னப் பாகம் அதைக் கொன்றுவிடும்.

அந்தப் பாகத்தின் பெயர் கேம் ஃபாலோயர். உயர் அழுத்தப் பெட்ரோல் பம்பின் தண்டை, காற்று உள்ளே வரும் வால்வுகளைத் திறக்கும் இன்டேக் கேம்ஷாஃப்ட்டின் மேடு தள்ளுகிறது. இரண்டுக்கும் நடுவே அடி வாங்குவதற்காக வைத்த சின்ன எஃகுக் கிண்ணம் அது. உருளை எதுவும் இல்லை, மேடு நேராக அதன் முகத்தில் உரசிக்கொண்டே இருக்கும். புதிதாக இருக்கும்போது முகம் கறுப்புப் பூச்சோடு வழவழப்பாக இருக்கும். பூச்சு தேய்ந்தால் நடுவில் வெள்ளி வட்டம் தெரியும். அதற்கும் மேல் ஓட்டினால் ஓட்டை விழும். பம்பின் தண்டு கேம்ஷாஃப்ட்டை நேரடியாகச் சிராய்க்கும், பெட்ரோல் அழுத்தம் விழும், இரும்புத் துகள் ஆயிலில் கலக்கும். பம்பைப் பிடித்திருப்பது மூன்றே போல்ட். தெரிந்த மெக்கானிக் ஒரு மணி நேரத்துக்குள் கழற்றிப் பார்த்துவிடுவார். கிண்ணத்தின் விலை, கேம்ஷாஃப்ட் மாற்றும் செலவோடு ஒப்பிட்டால் ஒன்றுமே இல்லை. 10 ஆயிரம் மைலுக்கு ஒருமுறை பார்ப்பது நல்லது. விற்பவரிடம் "கேம் ஃபாலோயர் கடைசியாக எப்போது மாற்றினீர்கள்?" என்று கேளுங்கள். அவர் விழித்தால், வாங்குமுன் கழற்றிப் பார்க்கச் சம்மதிக்கிறாரா என்று கேளுங்கள். மறுத்தால் வேறு கார் பாருங்கள்.

மார்க் 5-இல் அடுத்தது டைமிங் பெல்ட். மாற்றியதற்கு ரசீது இல்லையென்றால் மாற்றவில்லை என்றே வைத்துக்கொண்டு அந்தச் செலவை விலையில் கழியுங்கள். அதே பெல்ட்தான் தண்ணீர் பம்பையும் சுற்றுகிறது, இரண்டையும் ஒரே தடவையில் மாற்ற வேண்டும். முழுதாக மிதித்தும் இழுவை பாதியாகத் தெரிந்தால் டர்போவின் மிகைக் காற்றழுத்தத்தைத் திருப்பிவிடும் டைவர்ட்டர் வால்வின் ரப்பர் படலம் கிழிந்திருக்கலாம். அது சின்னச் செலவு, பயப்பட வேண்டாம். குளிரில் ஸ்டார்ட் செய்ததும் எஞ்சின் தடுமாறி நடுங்கினால் இன்டேக் வால்வுகளில் கரி படிந்திருக்க வாய்ப்பு அதிகம். இந்த எஞ்சினில் பெட்ரோல் நேரே சிலிண்டருக்குள் பாய்வதால் வால்வின் முதுகைக் கழுவ எதுவும் இல்லை. ஆயில் ஆவி அங்கேயே வெந்து கட்டியாகிவிடும். வால்நட் ஓட்டுத் தூளை வீசி அதைச் சுரண்டி எடுப்பார்கள்.

இனி மார்க் 6. 2009-இல் வந்தது, 210 குதிரைத்திறன். உள்ளே அமைதி கூடியது, வளைவில் உள்பக்கச் சக்கரத்தை லேசாகப் பிரேக் பிடித்துக் காரைத் திருப்பும் எக்ஸ்டிஎஸ் வசதியும் சேர்ந்தது. ஆனால் எஞ்சின் இஏ888-க்கு மாறியது, பெல்ட் போய் செயின் வந்தது. செயின் என்றால் ஆயுளுக்கும் என்று நினைப்போம். இங்கே சிக்கல் செயினில் இல்லை, அதை இறுக்கிப் பிடிக்கும் டென்ஷனரில். ஏறக்குறைய 2012 வரை வந்த பழைய வடிவ டென்ஷனர் பிடி விட்டுவிடும். செயின் பல் தாவும், வால்வும் பிஸ்டனும் மோதும், எஞ்சின் அத்தோடு போயிற்று. காலையில் முதல் ஸ்டார்ட்டில் ஓரிரண்டு நொடி "கடகட" என்ற சத்தம் கேட்டால் அதுதான் எச்சரிக்கை. பல கார்களில் அந்தச் சத்தம்கூட வராது. புதிய வடிவ டென்ஷனர் போட்டதற்கு ரசீது இருந்தால் மட்டும் மேலே பேசுங்கள். கூடவே இந்த எஞ்சினில் பிஸ்டன் ரிங் வழியாக ஆயில் குடிக்கும் பழக்கமும் உண்டு. ஃபோக்ஸ்வாகன் கணக்கில் 1,000 கிலோமீட்டருக்கு அரை லிட்டர் வரை சரிதானாம். எங்கள் கணக்கில் அந்த அளவு குடிக்கிற காரை வாங்கக் கூடாது. பூட்டில் பாதி காலியான ஆயில் டப்பா இருந்தால் அதற்கு அர்த்தம் இருக்கிறது.

மார்க் 6-இலேயே விதிவிலக்கு ஒன்று: எடிஷன் 35. 235 குதிரைத்திறன். அதில் இருப்பது பெல்ட் உள்ள பழைய இஏ113. தலைமுறை எண்ணை நம்ப வேண்டாம் என்று சொல்வது இதனால்தான். அதை எடுத்தால் மேலே மார்க் 5-க்குச் சொன்ன கேம் ஃபாலோயர் கவனம் அப்படியே பொருந்தும்.

மார்க் 7-இல் ஏறக்குறைய எல்லாமே புதிது. 2013-இல் வந்தது. 220 குதிரைத்திறன், பர்ஃபாமன்ஸ் பேக் என்ற விருப்பத் தொகுப்பை எடுத்தவர்களுக்கு 230. இழுவிசை இரண்டுக்கும் 350 நியூட்டன் மீட்டர், நிமிடத்துக்கு 1,500 சுற்றிலேயே கிடைத்துவிடும். அந்த 10 குதிரைத்திறனுக்காகப் பர்ஃபாமன்ஸ் பேக்கைத் தேடாதீர்கள். அதில் வரும், வழுக்கும் சக்கரத்திலிருந்து பிடிப்புள்ள சக்கரத்துக்கு இழுவையை மாற்றும் முன் டிஃபரன்ஷியலுக்காகத் தேடுங்கள். மழையில் ரவுண்டபவுட்டை விட்டு வெளியேறும்போது மிதித்தால் சாதாரண முன்சக்கர ஓட்டக் கார் வெளிப்பக்கமாக வழுக்கும். இது மூக்கை உள்ளே இழுத்துக்கொண்டு போகும். அடையாளம் காண முன்சக்கரத்துக்குள் எட்டிப் பாருங்கள்: சிவப்புப் பிரேக் காலிப்பரில் ஜிடிஐ என்று எழுதியிருக்கும், முன் டிஸ்க் 340 மில்லிமீட்டர். சாதாரணத்தில் 312. அந்த டிஃபரன்ஷியலுக்குத் தனி ஆயில் உண்டு. 3 ஆண்டுக்கு ஒருமுறை மாற்றினால் நெடுநாள் உழைக்கும். பலர் அப்படி ஒன்று இருப்பதே தெரியாமல் ஓட்டுகிறார்கள்.

எஞ்சின் இஏ888-இன் மூன்றாம் பதிப்பு. செயின் கவலை பெரிதும் தீர்ந்தது, ஆயில் குடிப்பதும் குறைந்தது. பதிலுக்கு, எஞ்சினைக் குளிர்விக்கும் கூலன்ட் ஒழுகும் சிக்கல் வந்தது. தெர்மோஸ்டாட்டும் தண்ணீர் பம்பும் ஒரே பிளாஸ்டிக் கூட்டுக்குள் இருக்கின்றன. சூட்டில் அது கோணிக்கொண்டு கசியத் தொடங்கும். அநேகமாக எல்லா மார்க் 7-க்கும் ஒருநாள் வருவது இது. டார்ச் அடித்து எஞ்சினும் கியர்பாக்ஸும் சேரும் இடத்தைப் பாருங்கள். இளஞ்சிவப்பில் காய்ந்த பொருக்கு தெரிந்தால் கசிகிறது. ஏற்கெனவே மாற்றியிருந்தால் அது குறையல்ல, நல்ல செய்தி.

அடுத்து ஹீட்டரை முழுச் சூட்டில் வைத்து இரண்டு பக்கக் காற்றையும் கையால் தொட்டுப் பாருங்கள். ஒரு பக்கம் சூடு, மறுபக்கம் குளிர் என்றால், கூலன்ட் தொட்டிக்குள் போட்டிருக்கும் சிலிக்காப் பை கிழிந்து, மணிகள், காருக்குள் சூடு தரும் ஹீட்டர் மேட்ரிக்ஸை அடைத்திருக்கும். கழுவிச் சரியாகவில்லை என்றால் டாஷ்போர்டைப் பிரிக்க வேண்டிவரும். கண்ணாடிக் கூரை உள்ள காரில் மேல் துணியின் ஓரத்தில் நீர்க்கறை இருக்கிறதா என்றும் பாருங்கள். பிள்ளையின் இருக்கையை மாட்ட ஐசோஃபிக்ஸ் கொக்கி இருக்கிறது, பூட் 380 லிட்டர். ஐந்து கதவு உள்ளதையே எடுங்கள். மூன்று கதவில் பிள்ளையைத் தினமும் ஏற்றி இறக்கினால் ஒரு மாதத்தில் இடுப்பு வலி வரும்.

டிஎஸ்ஜி பயம் நியாயமானது, ஆனால் ஊரில் பெயர் கெட்டது பெரும்பாலும் 7 கியர் உள்ள, உலர் கிளட்ச் வகை. நீங்கள் பார்க்கும் மூன்று ஜிடிஐயிலும் இருப்பது 6 கியர், ஆயிலில் மூழ்கிய கிளட்ச். நெரிசலில் ஊர்ந்தாலும் அந்த அளவுக்குச் சூடேறாது. ஒரே நிபந்தனை: 40 ஆயிரம் மைலுக்கு ஒருமுறை கியர் ஆயிலும் ஃபில்டரும் மாற்றியிருக்க வேண்டும். 80 ஆயிரம் ஓடிய காருக்கு அப்படி இரண்டு ரசீது கேளுங்கள். ஓட்டிப் பார்க்கும்போது 1-இலிருந்து 2-க்கு மாறுகையில் உதைத்தாலோ, ரிவர்ஸில் தயங்கிப் பிறகு குதித்தாலோ விட்டுவிடுங்கள். மேனுவல் கிடைத்தால் இன்னும் நல்லது. 3-ஆம் கியரில் 2,000 சுற்றிலிருந்து முழுதாக மிதியுங்கள். வேகம் ஏறாமல் சுற்று மட்டும் ஏறினால் கிளட்ச் வழுக்குகிறது.

பார்க்கப் போகும் நாளில் "வண்டியைச் சூடேற்றி வைக்காதீர்கள்" என்று முன்பே சொல்லுங்கள். போனதும் பானெட்டில் கை வைத்துப் பாருங்கள், சூடாக இருந்தால் அன்றைக்குத் திரும்பிவிடுங்கள். நாம் கேட்க வேண்டிய சத்தங்கள் எல்லாம் குளிர் ஸ்டார்ட்டில்தான் வரும். பதிவெண்ணைப் போட்டு அரசு இணையதளத்தில் எம்ஓடி எனும் ஆண்டுத் தகுதிச் சோதனையின் வரலாற்றைப் பாருங்கள், இலவசம். மைல் கணக்கு ஆண்டுக்கு ஆண்டு ஒழுங்காக ஏறியிருக்க வேண்டும். நான்கு டயரும் நான்கு கம்பெனி என்றால் மற்ற பராமரிப்பும் அப்படித்தான் நடந்திருக்கும். எஞ்சின் கணினியில் திறனைக் கூட்டி மாற்றியிருக்கிறார்களா என்று நேரடியாகக் கேளுங்கள். மாற்றியிருந்தால் இன்சூரன்ஸுக்குச் சொல்லியாக வேண்டும். சொல்லாமல் விட்டால் விபத்து நடந்த பிறகு இழப்பீடு கிடைக்காமல் போகலாம்.

2020-இலிருந்து வந்த மார்க் 8 உங்கள் விலைக்கு மேல். 245 குதிரைத்திறன் இருந்தும், ஏசிக்கும் ஒலிக்கும் தொட்டு இழுக்கும் பட்டை, அதிலும் இரவில் விளக்கு இல்லாதது, ஓட்டுபவரை எரிச்சலூட்டியது. 2024-இல் திருத்தி வந்த 265 குதிரைத்திறன் வடிவில் ஸ்டியரிங்கில் அழுத்தும் பொத்தான்கள் மீண்டும் வந்தன, மேனுவல் கியர் நிரந்தரமாகப் போனது. 2025-இல் இந்தியாவுக்கு சுமார் 53 லட்சம் ரூபாய்க்கு இறக்குமதியானது அதுவே.

மார்க் 1 ஆசைக்கு வருவோம். லண்டனில் புகை கூடுதலாக விடும் வண்டிகளுக்கான யூலெஸ் கட்டணம் நாளுக்கு 12.50 பவுண்டு, 2023 ஆகஸ்டிலிருந்து ஹாரோவிலும் உண்டு. பெட்ரோல் கார் யூரோ 4 புகைத் தரத்தில் இருந்தால் கட்டணம் இல்லை. மார்க் 5, 6, 7 மூன்றும் தப்பும். 40 வயது கடந்து, வரலாற்று வாகனமாகப் பதிவான காருக்கும் விலக்கு உண்டு, ஆகவே மார்க் 1-ம் தப்பும். ஆனால் தினசரி 35 மைலுக்கு வேண்டாம். பிரேக்கே முதல் காரணம். வலப்பக்க ஸ்டியரிங் காரில் பெடல் ஒரு பக்கம், பிரேக் அழுத்தத்தைக் கூட்டும் சர்வோ மறுபக்கம். நடுவே குறுக்குக் கம்பி வழியாகப் போகிற அழுத்தம் பாதியிலேயே தொய்ந்துவிடும். நெரிசலில் முன்னால் போகும் புதிய கார் நிற்கும் தூரத்தில் இது நிற்காது. வார இறுதிக்கென்று பின்னால் ஒருநாள் வாங்கினால், பெட்ரோல் மூடியைத் திறந்து நிரப்பும் குழாயின் கழுத்தை விரலால் தடவிப் பாருங்கள். விரலில் துரு ஒட்டினால் அதே துரு தொட்டிக்கும், அங்கிருந்து எஞ்சினுக்குப் பெட்ரோல் பீய்ச்சும் கே-ஜெட்ரானிக் இன்ஜெக்ஷனுக்கும் போய்க்கொண்டிருக்கிறது. முதலில் அந்தக் குழாயை மாற்றித் தொட்டியைச் சுத்தம் செய்துவிட்டு, எத்தனால் அதிகமுள்ள இ10 பெட்ரோலைத் தவிர்த்து, இ5 சூப்பர் மட்டும் ஊற்றுங்கள்.