வரி மாறப்போகிறதாம், போனஸை எஸ்.எஸ்.பி.என்-இல் போடலாமா?

கேள்வி: வணக்கம் ஐயா. எனக்கு வயது 36. புக்கிட் மெர்தாஜத்தில் வீடு, பாயான் லெப்பாஸில் தொழிற்சாலை வேலை. போனஸ், ஓ.டி. எல்லாம் சேர்த்து ஆண்டுக்கு 84,000 வெள்ளி (ரிங்கிட்) வருகிறது. மனைவி கிளினிக்கில் வேலை செய்கிறார், மாதம் 2,400 வெள்ளி. பிள்ளைகள் இருவர், 9 வயதும் 6 வயதும். இந்த முறை போனஸில் 8,000 வெள்ளி கையில் நிற்கிறது. பிள்ளைகளுக்காக எஸ்.எஸ்.பி.என்-இல் (மலேசிய அரசின் கல்விச் சேமிப்புத் திட்டம்) போட நினைத்தேன். கணக்கு மனைவி திறந்தது. ஆனால் கேன்டீனில் ஒரு நண்பர் தடுக்கிறார். "வருமான வரியையே மாற்றப்போகிறார்கள், எல்லாருக்கும் ஒரே விகிதம் வரும், கழிவெல்லாம் போய்விடும், ஜி.எஸ்.டி. திரும்பும், கணவன் மனைவி வருமானத்தைச் சேர்த்துப் பிரித்து வரி போடுவார்கள், பொறுத்துப் பார்" என்கிறார். பொறுப்பதா, போடுவதா? கிரெடிட் கார்டில் 3,000 வெள்ளி பாக்கியும் இருக்கிறது.

பதில்: வணக்கம். போடுங்கள். ஆனால் அந்தக் கணக்கில் வேண்டாம், முழு 8,000-ஐயும் இன்றே வேண்டாம். ஏன் என்று சொல்வதற்கு முன்னால், உங்கள் நண்பர் சொன்னவற்றை உங்கள் சம்பளத்திலேயே போட்டுப் பார்த்துவிடுவோம். வரிச் சீர்திருத்தம் என்று பொதுவாகப் பேசினால் எல்லாமே நல்லதாகத்தான் கேட்கும்.

முதலில் இப்போதைய நிலவரம். உங்கள் 84,000-இல் தனிநபர் கழிவு 9,000, இ.பி.எஃப். (ஊழியர் சேமநிதி) 4,000, சொக்சோ (தொழிலாளர் சமூகப் பாதுகாப்புச் சந்தா) 350, இரண்டு பிள்ளைகளுக்கு 4,000 போகும். ஆயுள் காப்புறுதிக்கு 3,000, கைப்பேசி வாங்குவது, இணையக் கட்டணம் போன்ற வாழ்க்கைமுறைச் செலவுக்கு 2,500 என்று இரண்டையும் உச்சவரம்பு வரை நீங்கள் கட்டுவதாக வைத்துக்கொள்கிறேன். மொத்தக் கழிவு 22,850. வரிக்குரிய வருமானம் 61,150 வெள்ளி. முதல் 50,000-க்கு வரி 1,500. மிச்சம் 11,150-க்கு 11 விழுக்காடு. ஆகமொத்தம் 2,726 வெள்ளி 50 காசு. வருமானத்தோடு ஒப்பிட்டால் நூற்றுக்கு மூன்றேகால் வெள்ளி.

இப்போது "எல்லாருக்கும் ஒரே விகிதம்" வருகிறது என்று வையுங்கள். எஸ்தோனியா 1994-இல் இப்படி ஒரே விகிதத்துக்குப் போன நாடு, தொடங்கியதே 26 விழுக்காட்டில். நாம் அவ்வளவு போக வேண்டாம், வெறும் 10 என்றே வைத்துக்கொள்வோம். கழிவுகளை எடுத்துவிட்டால் நீங்கள் கட்ட வேண்டியது 8,400. கழிவுகளை விட்டுவைத்தாலும் 6,115. உங்கள் மனைவி இன்று ஒரு காசும் கட்டுவதில்லை, கழிவில்லாத ஒரே விகிதத்தில் அவருக்கும் 2,880 வரும். வரிக்குரிய வருமானம் 500,000 இருக்கிறவர் இன்று 110,400 வெள்ளி கட்டுகிறார், அவருக்கு அது 50,000 ஆகிவிடும். யாருக்கு லாபம் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. ஒரே விகிதம் எளிமையானது என்பது உண்மை. பாரம் எளியவர்கள் தோளுக்கு இறங்கும் என்பதும் உண்மை. கேன்டீனில் முதல் பாதி மட்டும்தான் சொல்லப்படுகிறது.

கணவன் மனைவி வருமானத்தைச் சேர்த்துச் சமமாகப் பிரிக்கும் யோசனை உங்களுக்கு நல்லது, அதை ஒப்புக்கொள்கிறேன். பிரான்ஸில் குடும்பத்தைப் பங்கு பங்காகப் பிரித்துக் கணக்கிடும் முறை 1945 முதல் இருக்கிறது. உங்கள் இருவரின் வரிக்குரிய வருமானத்தையும் கூட்டி இரண்டாகப் பிரித்தால், மொத்த வரி சுமார் 1,670-க்கு இறங்கும். ஆயிரத்துக்கும் மேல் மிச்சம். ஆனால் நம் நாட்டுச் சட்டத்தில் இருக்கிற 'கூட்டு மதிப்பீடு' அது இல்லை. இங்கே கூட்டினால் பிரிக்க மாட்டார்கள். ஒருவர் தலையில் அத்தனையும் ஏறும். மனைவியின் 9,000 கழிவு போய், துணைவிக்கான 4,000 மட்டும் கிடைக்கும். உங்கள் விஷயத்தில் வரி 6,700-ஐத் தாண்டிவிடும். ஆண்டுதோறும் இரண்டு மூன்று பேராவது இதைக் குழப்பிக்கொண்டு இ-ஃபைலிங்கில் கூட்டு மதிப்பீட்டைத் தட்டிவிட்டு என்னிடம் ஓடிவருகிறார்கள். நீங்கள் தட்டாதீர்கள். தனித்தனியே இருக்கட்டும்.

ஜி.எஸ்.டி. பற்றி அதிகம் சொல்ல மாட்டேன். 2015 ஏப்ரலில் 6 விழுக்காட்டில் வந்தது, 2018 ஜூனில் சுழியமானது, அந்த செப்டம்பரில் எஸ்.எஸ்.டி. (விற்பனை, சேவை வரி) திரும்பி வந்தது. சேவை வரி 2024 மார்ச்சில் பெரும்பாலான சேவைகளுக்கு 8 ஆனது. மார்க்கெட் ஸ்திரீட்டில் நான் மஞ்சள் தூள் வாங்கும் கடையில் 2015-இல் வாங்கிய பில் மெஷின் இன்னும் கல்லாவுக்குப் பக்கத்தில் இருக்கிறது. அதன்மேல் நாட்காட்டியைச் சாய்த்து வைத்திருக்கிறார்கள். சிங்கப்பூர் 1994-இல் 3 விழுக்காட்டில் தொடங்கி இன்று 9-க்கு வந்திருக்கிறது. இங்கேயும் ஒரு நாள் திரும்பலாம். திரும்பினால் உங்கள் மனைவியைப் போல வருமான வரி கட்டாதவர்களும் கடையில் கட்டுவார்கள். அதற்கும் உங்கள் எஸ்.எஸ்.பி.என்-க்கும் ஒரு சம்பந்தமும் இல்லை.

சரி, உண்மையான மாற்றம் எப்படி வருகிறது? அக்டோபர் வாக்கில் பட்ஜெட், அப்புறம் நிதி மசோதா, அப்புறம் அரசிதழ். 2023 மதிப்பீட்டு ஆண்டிலிருந்து 35,000 முதல் 100,000 வரையான படிகளில் 2 விழுக்காடு குறைத்தார்கள். உங்களுக்கு 13-ஆக இருந்தது 11 ஆனது அப்போதுதான். இன்றைய கணக்கில் அது 523 வெள்ளி. 100,000 வெள்ளிக்கு மேல் டிவிடெண்ட் வாங்குகிறவருக்கு 2 விழுக்காடு வரி 2025 மதிப்பீட்டு ஆண்டில் வந்தது. அதுவும் பட்ஜெட்டில் அறிவித்து, சட்டமாகி வந்ததுதான். காதுவழியாக வந்தது எதுவும் இன்னும் என் மேசைக்கு வரவில்லை.

என்னைக் கேட்டால், யாரும் பேசாத ஒரு சீர்திருத்தம்தான் உங்களைப் போன்றவர்களுக்கு வேண்டும். தனிநபர் கழிவு 9,000 ஆனது 2010-இல். 18 வயதுக்குக் கீழ் பிள்ளைக்கு 2,000 என்பது 2016-இல் வந்தது. இரண்டும் அப்படியே நிற்கின்றன. 2010-இல் ரொட்டி சானாய் என்ன விலைக்குச் சாப்பிட்டோம் என்று யோசித்துப் பாருங்கள். சம்பளம் விலைவாசியோடு கொஞ்சம் ஏறுகிறது, கழிவு ஏறுவதில்லை. அதனால் விகிதத்தை யாரும் தொடாமலேயே உங்கள் வரி கூடிக்கொண்டே போகிறது. அந்த 9,000-ஐ 12,000 ஆக்கினால் உங்களுக்கு 330 வெள்ளி மிச்சம், ஆண்டுதோறும். விலைவாசிக்குத் தக்கபடி அதை ஏற்றும் வழக்கம் வந்தால் இன்னும் நல்லது. ஒரே விகிதம் பற்றிப் பேசும் நேரத்தில் உங்கள் நண்பர் இதைப் பேசலாம்.

இப்போது உங்கள் 8,000. எஸ்.எஸ்.பி.என். கழிவு ஆண்டுக்கு 8,000 வரை, 2027 மதிப்பீட்டு ஆண்டு வரை நீட்டிக்கப்பட்டிருக்கிறது. அதாவது உங்கள் நண்பர் சொன்னதில் ஒரு துளி உண்மை இருக்கிறது: சில கழிவுகளுக்குக் காலாவதித் தேதி உண்டு. அப்படியானால் கையில் இருக்கும்போது எடுத்துக்கொள்ள வேண்டுமே தவிர, காத்திருக்கக் கூடாது.

ஆனால் மனைவியின் கணக்கில் போட்டால் உங்களுக்கு ஒன்றும் கிடைக்காது. யார் பணம் போட்டுக் கணக்கு வைத்திருக்கிறாரோ அவருக்குத்தான் கழிவு. அவருடைய வரிக்குரிய வருமானம் சுமார் 16,600, வரி 116 வெள்ளி. 35,000-க்குள் இருப்பதால் கிடைக்கும் 400 வெள்ளித் தள்ளுபடியில் அது காணாமல் போய்விடுகிறது. இல்லாத வரியில் எதைக் கழிப்பது? அதே 8,000 உங்கள் பெயரில் இருந்தால் 11 விழுக்காடு, அதாவது 880 வெள்ளி. பிள்ளைகளைப் பயனாளிகளாக வைத்து உங்கள் பெயரில் தனிக் கணக்கு திறங்கள். இந்தச் சேமிப்பை நடத்தும் பி.டி.பி.டி.என். ஆப்பிலேயே முடியும். மனைவியின் கணக்கில் இருப்பது அப்படியே இருக்கட்டும். பிள்ளைகளுக்கான 4,000-ஐயும் நீங்களே கோருங்கள். மேலே அப்படித்தான் கணக்கிட்டிருக்கிறேன், ஆனால் உங்கள் வீட்டில் யார் கோருகிறார்கள் என்று கடிதத்தில் இல்லை. போன ஆண்டு பாரத்தை எடுத்துப் பாருங்கள்.

கிரெடிட் கார்டுக்கு வருகிறேன். அந்த 3,000-க்கு ஆண்டுக்கு 15 முதல் 18 விழுக்காடு வரை வட்டி ஓடும், அதுவும் ஆண்டுதோறும். எஸ்.எஸ்.பி.என். தரும் 11 ஒரு தடவைதான். ஆகவே முதலில் கார்டுக் கடனை அடைத்துவிடுங்கள். மிச்சம் 5,000 எஸ்.எஸ்.பி.என்-க்கு, அதற்கு 550 வெள்ளி வரி குறையும். கார்டுக்கு மாதாமாதம் கட்டிக்கொண்டிருந்த தொகையை அப்படியே அங்கே திருப்பிவிட்டால், டிசம்பர் 31-க்குள் இன்னும் கொஞ்சம் சேரும். ஒன்று ஞாபகம் வையுங்கள்: அதே ஆண்டில் எடுத்தால், போட்டதில் எடுத்ததைக் கழித்த தொகைதான் கணக்கில் வரும். பள்ளிச் சீருடைக்கு எடுத்துவிட்டு அப்புறம் வருத்தப்படாதீர்கள்.

அடுத்து டி.பி.1 பாரம், அதாவது உங்கள் கழிவுகளை முதலாளிக்குத் தெரிவிக்கும் பாரம். போட்டவுடன் அதை நிரப்பி உங்கள் எச்.ஆரிடம் கொடுத்தால், சம்பளத்தில் மாதாமாதம் பிடிக்கும் வரி (பி.சி.பி.) உடனே குறையும். இல்லாவிட்டால் அடுத்த ஆண்டு ஏப்ரல் 30-க்குள் பி.இ. பாரம் (ஆண்டு வருமான வரிக் கணக்கு) அனுப்பி, திரும்பி வரும்வரை காத்திருக்க வேண்டும். எச்.ஆரில் "அதெல்லாம் இங்கே வழக்கமில்லை" என்று சொன்னாலும் கேட்டுப் பாருங்கள்.

ரசீதுகளை 7 ஆண்டுகள் வைத்திருக்க வேண்டும். கடைகளில் கொடுக்கும் வழுவழுப்பான தாள் அவ்வளவு நாள் தாங்காது. பிஸ்கட் டின்னில் சேர்த்து வைத்த ரசீதுகளை ஒருவர் என் மேசையில் கொட்டினார், பாதி வெறும் வெள்ளைத் தாள். வாங்கிய அன்றே கைப்பேசியில் படம் எடுத்து, ஆண்டின் பெயரில் ஒரு கோப்புறையில் போட்டுவிடுங்கள். காப்புறுதி பிரீமியச் சான்றிதழ், எஸ்.எஸ்.பி.என். அறிக்கை இரண்டும் ஆண்டு முடிந்ததும் இணையத்தில் கிடைக்கும், அவற்றையும் அதே கோப்புறையில் வையுங்கள்.