கையெழுத்து இருக்கிறது, ஆனால் அந்த அம்மா வேண்டாம் என்கிறார்

அண்ணாச்சி, அம்பாசமுத்திரம் பக்கத்துக் கொலை வழக்கைப் பற்றிய ஆவணப்படத்துக்காக, இறந்த பையனின் அம்மாவை இரண்டு நாள் படம்பிடித்திருக்கிறீர்கள். இப்போது அவர் வேண்டாம் என்கிறார், ஒப்புதல் கடிதம் இருக்கிறதே, போடலாமா என்று கேட்கிறீர்கள்.

போடாதீர்கள். படம் வெளியான மறுநாளும் அவர் அதே தெருவில், எதிர்த்தரப்புச் சொந்தக்காரர்கள் முன்னால்தான் நடமாடியாக வேண்டும். கேமரா இல்லாமல் ஒருநாள் போய் உட்காருங்கள். பயம் முகம் தெரிவதிலா, பெயரிலா, சொன்ன ஏதோ ஒரு வரியிலா என்று பொறுமையாகக் கேளுங்கள். நான் பார்த்தவரை பெரும்பாலும் ஒரு வரிதான். அதை எடுத்துவிட்டு அவருக்கே போட்டுக் காட்டுங்கள். அப்போதும் வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள்.

அவர் இல்லாமலும் படம் நிற்கும். தீர்ப்பை இ-கோர்ட்ஸ் என்ற நீதிமன்ற இணையதளத்தில் தேடுங்கள். சாட்சிகளின் வாக்குமூலம் வேண்டுமென்றால், பாளையங்கோட்டையில் உள்ள மாவட்ட நீதிமன்றத்தில் வக்கீல் மூலம் சான்றிட்ட நகலுக்கு மனுப் போடுங்கள். நீங்கள் வழக்கில் சம்பந்தப்படாதவர், அதனால் எதற்கு என்று காரணம் சொல்ல வேண்டிவரும்.

இன்னொன்று. குற்றம் சாட்டப்பட்டவரைக் கீழ்க்கோர்ட் விடுதலை செய்து, மேல்முறையீடு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் நிற்கிறது என்கிறீர்கள். அந்த ஆளைக் 'கொலைகாரன்' என்று பின்னணிக்குரலில் ஓரிடத்திலும் சொல்லக் கூடாது. நீங்கள் சொன்ன வாய்க்கால் கரைக் காட்சியை நடிகரை வைத்து எடுத்தால், 'சித்தரிக்கப்பட்டது' என்று அந்தக் காட்சியின்மேலேயே எழுத்துப் போடுங்கள்.