அண்ணாச்சியக் கேளுங்க: போனுக்குள்ள ஒரு மாப்பிள்ளை

கேள்வி: அண்ணாச்சி, எனக்கு 32 வயசு, இன்னும் கல்யாணம் ஆகல. வீடு செங்கோட்டை, வேலை புனலூர்ல ஒரு லேப்ல, தினம் ட்ரெயின்லதான் போய்ட்டு வர்றேன். ரொம்ப நாளா போன்ல 'லவ் அண்ட் டீப்ஸ்பேஸ்'னு, கேம்ல வர்ற ஆம்பளைங்கள காதலிக்கிற ஒரு கேம் ஆடுறேன், ஆரியங்காவு பக்கம் சிக்னல் போனாலே எரிச்சலா வருது. கூட வேல பாக்குற சேச்சி "வட்டாயோ மோளே"ன்னு (பைத்தியமாயிட்டியா மகளேன்னு) சிரிக்குது. இதுல அப்படி என்னதான் இருக்கு, ஏன் விட முடியல? (பேர் வேண்டாம், செங்கோட்டை)

பதில்: வட்டெல்லாம் ஒண்ணும் இல்ல தங்கச்சி. பொண்ணு பாக்க வர்றாங்கன்னா நம்மூர்ல என்ன நடக்குது, காப்பித் தட்டோட நீ வந்து நிக்கணும், பிடிச்சிருக்கா இல்லயான்னு சொல்ற உரிமை அந்த வீட்டு சித்தப்பா வரைக்கும் இருக்கும், கடைசியில பேருக்கு ஒரு வார்த்த உங்கிட்ட கேப்பாங்க. கேம்ல அப்படியே தலைகீழ், அவனுங்க வரிசையா நிப்பானுங்க, யாரு வேணும்னு சொல்றது நீ, வேண்டாம்னு சொன்னா எந்த அத்தையும் மூஞ்சத் தூக்க மாட்டா. ஜப்பான்ல 1994-ல கோயி கம்பெனியோட பெண்கள் டீம் 'ஏஞ்சலிக்'னு ஒரு கேம் செஞ்சாங்க, பொண்ணா இருந்து ஆம்பளைங்கள தேர்ந்தெடுக்குற இந்த வகையே அதுலதான் ஆரம்பிச்சுது. ஆம்பளைங்களுக்கு அதே வருஷம் கொனாமி கம்பெனி விட்டது 'டோக்கிமெக்கி மெமோரியல்', அதுல ஒரு பொண்ண கண்டுக்காம விட்டா மத்த பொண்ணுங்ககிட்டயும் உன் பேரு கெட்டுடும் (கேமா இருந்தாலும் ஊர் வாய மூட முடியாது போல).

இன்னொண்ணு கவனிப்பு. நீ ஆடுற கேம்ல பீரியட் தேதியக் குறிச்சு வச்சா அவனே ஞாபகப்படுத்துறானாமே! அத எத்தன வீட்ல கேக்குறாங்க சொல்லு.

ஆனா விட முடியாதபடிதான் இதச் செஞ்சே வச்சிருக்காங்க. 2016-ல வந்த கொரியா கேம் 'மிஸ்டிக் மெசஞ்சர்'ல கதை 11 நாள், நெஜ கடிகாரத்துப்படி ஓடும், சாட் நடுராத்திரியில கூட வரும், தூங்கி மிஸ் பண்ணிட்டா திரும்பத் திறக்க கேம்ல இருக்குற மணல் கடிகாரத்த செலவழிக்கணும், அது தீந்தா காசு குடுத்து வாங்கணும். உன் கேம்ல அந்த வேலைய கார்டு பாக்குது. எந்தக் கார்டு விழும்னு தெரியாமலே இழுக்குற, பிடிச்சவனோட கதை அதுக்குள்ள மாட்டிக்கிட்டு இருக்கும். தமிழ்நாட்டுல 2003-லயே லாட்டரிய தடை பண்ணியாச்சு, இன்னிக்கும் நம்மாளுங்க பார்டர் தாண்டிப் போய் கேரளா டிக்கெட் வாங்குறாங்கல்ல, அதே கை அரிப்புதான். லாட்டரியில அடிச்சா காசாவது கைக்கு வரும்!

அதனால ஆடு, வேண்டாம்னு சொல்லல. மாசம் இவ்வளவுதான்னு ஒரு தொகைய முதல்லயே முடிவு பண்ணு, போன்ல பேமெண்ட்ட சேவ் பண்ணி வைக்காத, ஒவ்வொரு தடவயும் பின் நம்பர் அடிக்கணும்னா பாதி ஆசை அங்கயே அடங்கிடும். சேச்சி சிரிச்சா சிரிக்கட்டும், அது சீரியல் பாத்து அழாமயா இருக்கு.

கேள்வி: என் வீட்டுக்காரர் இதே மாதிரி பொண்ணுங்க வர்ற கேம் ஆடுறார். கேட்டா "பொம்மதானே"ங்குறார். இது துரோகமா அண்ணாச்சி? (ஒரு வாசகி, குமுளி)

பதில்: ஜப்பான்ல 2009-ல 'லவ் பிளஸ்' கேம்ல வர்ற பொண்ண ஒருத்தர் மேடை போட்டு கல்யாணமே பண்ணிக்கிட்டார், சட்டப்படி செல்லாதுங்குறது வேற விஷயம். உங்க வீட்டுக்காரர் அவ்வளவு தூரம் போகல, ஆறுதல்! துரோகமான்னு கேட்டு சண்ட போட்டா அவர் பொம்மய காட்டி தப்பிச்சுடுவார். உங்ககிட்ட பேச வேண்டிய நேரம் எங்க போகுது, வீட்டுக்காசு எவ்வளவு போகுதுன்னு கேளுங்க, அதுக்கு அவர் பதில் சொல்லியே ஆகணும். எது பிடிச்சு ஆடுறீங்கன்னும் ஒரு தடவ கோவப்படாம கேட்டுப் பாருங்க.