டெய்னா மெதுவானவரா? – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

போலந்து கால்பந்து அணியைப் பற்றி நீங்கள் எழுதியிருந்த குறிப்பைப் படித்த பிறகு, கஜிமியெஷ் டெய்னாவின் காணொளிகளைத் தேடிப் பார்த்தேன். கோல்கள் அழகாக இருக்கின்றன. ஆனால் மற்ற நேரங்களில் அவர் மைதானத்தில் நடந்துகொண்டிருப்பதாகவே தோன்றியது. இவ்வளவு மெதுவான ஒருவர் இன்றைய ஆட்டத்தில் பத்து நிமிடம்கூடத் தாக்குப்பிடிக்க மாட்டார். 1978 உலகக் கோப்பையில் அர்ஜென்டினாவுக்கு எதிராக அவர் தவறவிட்ட பெனால்டியே அவருடைய வாழ்க்கையைக் கவிழ்த்துவிட்டது என்றும், மான்செஸ்டர் சிட்டியில் அவர் தோற்றுப்போனார் என்றும், கடைசியில் குடியால் அழிந்தார் என்றும் படித்தேன். இளம் வயதிலேயே மேற்கு ஐரோப்பாவுக்குப் போயிருந்தால் அவர் நெதர்லாந்தின் கிரைஃபுக்கு இணையாக வந்திருப்பாரா?

இன்னொன்றும் சொல்ல வேண்டும். என் மகன் பள்ளி அணியில் நடுக்களத்தில் ஆடுகிறான். மெதுவாக ஓடுகிறான் என்று சொல்லி அவனை வெளியே உட்கார வைத்துவிட்டார்கள்.

அன்புடன்,
ச.

அன்புள்ள ச.,

உங்கள் கடிதம் வந்த நேரத்தில் நானும் டெய்னாவைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். 1977 அக்டோபரில் ஹோஜூஃப் நகரில் போலந்தும் போர்த்துகலும் ஆடிய ஆட்டம் சில வாரங்களாகவே என் மனத்தை விட்டு அகலவில்லை. அடுத்த ஆண்டு உலகக் கோப்பைக்குப் போக அன்று போலந்துக்கு ஒரு சமநிலை போதும். முதல் பாதியில் டெய்னா கார்னர் கொடியருகே பந்தை வைத்து உதைக்கிறார். அது வளைந்து, வேறு யார் காலிலும் தலையிலும் படாமல் நேராக வலைக்குள் போய் விழுகிறது. ஆட்டம் 1-1 என்று முடிந்து போலந்து தகுதி பெறுகிறது. தன் நாட்டை உலகக் கோப்பைக்குக் கொண்டு சேர்த்த அணித்தலைவரை அன்று சொந்த நாட்டு ரசிகர்களே விசிலடித்து விரட்டினார்கள். கோலுக்கு முன்பும் விசில், கோலுக்குப் பின்பும் விசில். நம் ஊரில் விசில் பாராட்டு. அங்கே அது வசை.

ஏன் என்று கேட்பீர்கள். அவர் வார்சாவின் லெகியா அணிக்காரர். லெகியா ராணுவத்தின் அணி. கட்டாய ராணுவச் சேவை என்ற பெயரில் மற்ற ஊர்களின் நல்ல ஆட்டக்காரர்களை அது தன் பக்கம் இழுத்துக்கொண்டது. ஹோஜூஃப் இருக்கும், சுரங்கத் தொழிலாளர்கள் நிறைந்த சைலீசியப் பகுதிக்கு அந்த அணியின் மேல் தீராத கோபம் இருந்தது. அந்தக் கோபத்தில் நியாயமும் உண்டு. ஆனால் டெய்னாவே அப்படிப் பிடித்துக்கொண்டு போகப்பட்டவர்தான் என்பதை அன்று விசிலடித்தவர்கள் நினைத்துப் பார்க்கவில்லை. 1947-இல் வடக்கே ஸ்டாரோகார்ட் என்னும் சிற்றூரில் பிறந்து, வூச் நகரின் எல்கேஎஸ் அணிக்காக முதல் பிரிவில் ஒரே ஓர் ஆட்டம் ஆடியிருந்த பத்தொன்பது வயதுப் பையனை, 1966-இல் ராணுவம் அழைத்து லெகியாவின் சட்டையை மாட்டிவிட்டது. அந்தச் சட்டையை அவர் பன்னிரண்டு ஆண்டுகள் அணிந்தார். 1969-இலும் 1970-இலும் லீக் பட்டம் வென்றார். 1970-இல் கிளப் அணிகளுக்கான ஐரோப்பியக் கோப்பையின் அரையிறுதி வரை அணி போனது. அங்கே அவர்களை வென்ற ஃபெயனூர்ட் அணியே அந்த ஆண்டு கோப்பையையும் வென்றது.

ஹோஜூஃப் கூட்டம் அவருடைய சட்டையைப் பார்த்தது. நீங்கள் மூன்று நிமிடக் காணொளியைப் பார்த்தீர்கள். இரண்டிலும் அவருடைய ஆட்டம் பார்க்கப்படவில்லை. இதைக் கொஞ்சம் கடுமையாகச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

‘மெதுவானவர்’ என்று எழுதியிருக்கிறீர்கள். கோல்களை மட்டும் வெட்டி ஒட்டிய காணொளியில் ஒரு நடுக்கள ஆட்டக்காரரைப் பார்த்துவிட்டு எப்படி இந்த முடிவுக்கு வந்தீர்கள்? ஸ்டிரைக்கரை அப்படிப் பார்க்கலாம். அவருடைய வேலை கோலில் முடிகிறது. நடுக்களத்தில் ஆடுபவரின் வேலையோ, பந்து அவர் காலுக்கு வருவதற்கு முன்பே பாதி முடிந்துவிடுகிறது. தன் முதுகுக்குப் பின்னால் யார் நிற்கிறார்கள், எந்தப் பக்கம் இடம் திறந்திருக்கிறது, மைதானத்தின் ஓரத்தில் ஆடும் தன் விங்கர் ஓடத் தொடங்கிவிட்டாரா என்பதையெல்லாம் பந்து இன்னும் இன்னொருவர் காலில் இருக்கும்போதே அவர் பார்த்து முடித்திருக்க வேண்டும். அந்தப் பார்வையைக் காணொளி வெட்டுபவர்கள் வெட்டித் தள்ளிவிடுகிறார்கள், ஏனென்றால் அப்போது பந்து திரையில் வேறெங்கோ இருக்கிறது.

நான் கல்லூரியில் நடுக்களத்தில் ஆடிய காலத்தில் எங்கள் பயிற்சியாளர் ஒரு பழக்கம் வைத்திருந்தார். பந்தை வாங்கப் போகிறவரின் முதுகுக்குப் பின்னால் பத்தடி தள்ளி நின்றுகொண்டு கைவிரல்களில் சிலவற்றை நீட்டுவார். பந்து உருண்டு வந்து காலைத் தொடுவதற்குள் திரும்பிப் பார்த்து, எத்தனை விரல் என்று உரக்கச் சொல்ல வேண்டும். எண் தவறினால் பந்தை அவரிடமே திருப்பிக் கொடுத்துவிட்டு வரிசையின் கடைசிக்குப் போக வேண்டும். சில வாரங்களில் எங்கள் எல்லோருடைய கழுத்தும் தானாகத் திரும்பப் பழகிவிட்டது. எங்களில் மிக வேகமாக ஓடியவன் மிக அதிகமாகத் தவறினான், ஏனென்றால் தன் கால்களை நம்பியே அவன் அதுவரை ஆடிவந்திருந்தான். அந்தப் பயிற்சிக்குப் பிறகு எந்த ஆட்டத்தைப் பார்த்தாலும் நடுக்களக்காரரின் காலைவிட்டு அவர் தலையைப் பார்ப்பது எனக்கு வழக்கமாகிவிட்டது.

டெய்னாவின் தலையைப் பாருங்கள். 1974 உலகக் கோப்பைப் போலந்து அணியில் வலது பக்கம் லாட்டோ, இடது பக்கம் கடோஹா, நடுவே ஷார்மாக். லாட்டோவின் வேகம் அந்தத் தொடரையே உலுக்கியது. 7 கோல்களுடன் அவரே அதிக கோல் அடித்தவர். அந்த வேகத்தை யார் பயன்படுத்திக் கொடுத்தார்கள்? பின்காவலர்கள் திரும்பிக்கொள்வதற்குள் பந்து தன் முன்னால் வந்து விழுந்தால்தான் லாட்டோவின் ஓட்டத்துக்குப் பொருள் உண்டு. ஒரு நொடி தாமதித்தால் அவர் ஆஃப்சைடில் நிற்பார், அல்லது இரண்டு பேர் அவரைச் சூழ்ந்திருப்பார்கள். அந்த ஒரு நொடியை டெய்னா வீணாக்கியதில்லை. நிறுத்தித் திரும்பி உதைக்க நேரமில்லாத இடத்தில் பாதத்தின் வெளிப்புறத்தாலேயே பந்தை வளைத்து அனுப்பிவிடுவார். நடக்கிறார் என்று சொன்னீர்களே, அந்த நடையில்தான் அவர் அடுத்த மூன்று பாஸ்களுக்கான இடத்தைத் தேர்ந்துகொண்டிருந்தார். ஓடிப் போய்ச் சேர வேண்டிய இடத்தில் முன்கூட்டியே நிற்பவர் எதற்காக ஓட வேண்டும்?

பயிற்சியாளர் கஜிமியெஷ் கூர்ஸ்கி இதைப் புரிந்துகொண்டவர். சுற்றிலும் ஓடக்கூடியவர்களை வைத்து, நடுவில் டெய்னாவிடம் ஆட்டத்தை ஒப்படைத்தார். 1972 மியூனிக் ஒலிம்பிக் இறுதி ஆட்டத்தில் ஹங்கேரி முதலில் கோல் அடித்தது. இரண்டாம் பாதியில் டெய்னா இரண்டு கோல் அடித்துத் தங்கத்தை வாங்கிக் கொடுத்தார். அந்தத் தொடரில் 9 கோல்களுடன் முதலிடம் அவருக்குத்தான். மெதுவான மனிதர், நடுக்களக்காரர், ஒன்பது கோல். இந்த எண்ணை உங்கள் முடிவுக்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

இன்றைய ஆட்டத்தில் பத்து நிமிடம் தாங்குவாரா என்ற கேள்வியை நான் பொருட்படுத்தவே போவதில்லை. இன்றைய உணவும் மருத்துவமும் பயிற்சியும் கொடுத்துவிட்டுக் கேளுங்கள்.

பெனால்டிக்கு வருகிறேன். 1978 ஜூன் 14, ரொசாரியோ. அன்றைய கணக்குப்படி நாட்டுக்காக டெய்னா ஆடிய 100-ஆவது ஆட்டம் அது. கெம்பெஸின் கோலால் அர்ஜென்டினா 1-0 என முன்னிலையில் இருந்தது. கோல் கோட்டைத் தாண்டவிருந்த பந்தை அதே கெம்பெஸ் கையால் தட்டிவிட்டார். இன்றைய விதிப்படி அவர் அந்த இடத்திலேயே வெளியேற்றப்பட்டு, அர்ஜென்டினா பத்துப் பேருடன் ஆடியிருக்க வேண்டும்; அன்றைய விதி அவரைக் களத்திலேயே நிற்கவிட்டது. டெய்னா உதைத்த பந்தை அர்ஜென்டினாவின் கோல்காவலர் ஃபில்லோல் தடுத்தார். இரண்டாம் பாதியில் கெம்பெஸ் இன்னொரு கோல் அடித்து ஆட்டத்தை முடித்துவைத்தார். அந்தத் தொடரில் 6 கோலுடன் முதலிடம் பிடித்து நாட்டின் நாயகனாகவும் ஆனார். கையால் தடுத்தவரை யாரும் குறை சொல்வதில்லை. உதை வீணானவருடைய வாழ்க்கையே அதனால் கவிழ்ந்தது என்று எழுதுகிறோம்.

இன்னும் ஒரு பெனால்டியைச் சொல்கிறேன். 1974 ஜூலை 3, ஃபிராங்க்ஃபர்ட். மழையில் மைதானம் குளமாகி, தண்ணீரை இறைத்து வெளியேற்றிய பிறகு மேற்கு ஜெர்மனியும் போலந்தும் ஆடின. வென்றவர் இறுதிக்குப் போகலாம். ஜெர்மனிக்குச் சமநிலையே போதும். ஜெர்மனியின் ஹோனெஸ் உதைத்த பெனால்டியைப் போலந்துக் கோல்காவலர் டோமாஷெவ்ஸ்கி தடுத்துவிட்டார். பிறகு கெர்ட் முல்லர் கோல் அடித்தார், ஜெர்மனி வென்றது. ஹோனெஸின் அந்தத் தவறைப் பற்றி எங்காவது படித்திருக்கிறீர்களா? இரண்டு ஆண்டு கழித்துப் பெல்கிரேடில் நாடுகளுக்கான ஐரோப்பியக் கோப்பை இறுதியில், கோல்கம்பத்துக்கு மேலே அவர் உதைத்த பெனால்டியை மட்டும் இன்றுவரை பேசுகிறார்கள், ஏனென்றால் அன்று ஜெர்மனி தோற்றது. உதைத்தவர் ஒருவர், தவறும் ஒன்று. ஸ்கோர்பலகை மாறியதால் ஒன்று மறந்துபோனது, மற்றொன்று நிலைத்துவிட்டது. அதே 1974 தொடரில் யூகோஸ்லாவியாவுக்கு எதிராக டெய்னா பெனால்டியைக் கோலாக்கியதும் போலந்து 2-1 என வென்றதும் உங்கள் கடிதத்தில் ஏன் இல்லை? அந்தத் தொடரில் பிரேசிலை வென்று போலந்து மூன்றாம் இடம் பெற்றது. ஆண்டின் இறுதியில் ஐரோப்பாவின் சிறந்த ஆட்டக்காரருக்கான தங்கப்பந்து வாக்கெடுப்பில் கிரைஃப் முதலிடம், பெக்கன்பவுவர் இரண்டாமிடம், டெய்னா மூன்றாமிடம். கிரைஃபைப் பற்றிய உங்கள் கேள்விக்கு இதற்கு மேல் என்னிடம் பதில் இல்லை. இளமையில் அவர் போகவே முடியாது, நாடு விடவில்லை. நடக்காததை நான் அளந்து சொல்ல முடியாது.

மான்செஸ்டரில் அவர் தோற்றார் என்பதும் காதில் விழுந்ததைத் திருப்பிச் சொல்வதுதான். 31 வயது முடிந்த பிறகே, 1978 நவம்பரில், அவரை வெளியே அனுப்பினார்கள். அவருக்கு ஈடாகப் பணத்தோடு நகலெடுக்கும் இயந்திரங்களும் மருத்துவக் கருவிகளும் லெகியாவுக்குக் கொடுக்கப்பட்டன என்று சொல்வார்கள். மொழி புதிது, காயங்கள் வேறு. பந்தை நடுக்களத்துக்கு மேலாகத் தூக்கி அடித்துக்கொண்டிருந்த ஆங்கில ஆட்டத்தில் அவர் 38 லீக் ஆட்டங்களில் 12 கோல் அடித்தார். நடுக்களக்காரருக்கு இது தோல்வி என்றால் வெற்றி எது என்று எனக்கு விளங்கவில்லை.

குடியைப் பற்றி நான் பேச விரும்பவில்லை. அமெரிக்காவில் சான் டியேகோ அணிக்காக ஆடினார், பணத்தை இழந்தார், 1989 செப்டம்பர் 1-ஆம் தேதி அங்கேயே கார் விபத்தில் இறந்தார். வயது 41. அதற்கு ஒரு வாரம் முன்புதான் போலந்தில் மசோவியெட்ஸ்கி பிரதமராகி, டெய்னாவை முப்பத்தொரு வயதுவரை பூட்டி வைத்திருந்த கம்யூனிஸ்ட் ஆட்சி முடிவுக்கு வரத் தொடங்கியிருந்தது. 2012-இல் அவருடைய சாம்பலை வார்சாவுக்குக் கொண்டுவந்து போவொன்ஸ்கி ராணுவக் கல்லறையில் புதைத்தார்கள். லெகியாவில் 10-ஆம் எண் சட்டையை இனி யாருக்கும் கொடுப்பதில்லை. ஒரு மனிதரின் கடைசி ஆண்டுகளை வைத்து அதற்கு முந்தைய இருபது ஆண்டுகளைத் தீர்ப்பிடுவது எனக்கு ஒவ்வாது. உங்களுக்கும் ஒவ்வாது என்றே நம்புகிறேன். ஒரு தந்தையாக இதை எழுதியிருக்கிறீர்கள் என்பது கடிதத்தின் கடைசி இரண்டு வரிகளில் தெரிந்தது.

அந்த இரண்டு வரிகளைத்தான் முதலில் எழுதியிருக்க வேண்டும். பையன் மெதுவாக ஓடுகிறான் என்றால் ஓட்டத்தைக் கொஞ்சம் கூட்டலாம், அதற்குப் பயிற்சி இருக்கிறது. அதற்கு முன் நீங்களே மைதானத்துக்குப் போய் அவன் ஆடுவதைப் பாருங்கள். பந்து வருவதற்கு முன் அவன் தலை திரும்புகிறதா? பந்து கிடைத்ததும் அவன் கொடுக்கும் பாஸ் முன்னால் ஓடுபவனுக்குப் போகிறதா, பக்கத்தில் நிற்பவனுக்கே போகிறதா? திரும்புகிறது, முன்னால் போகிறது என்றால், அவனை உட்கார வைத்தவரிடம் போய் மரியாதையாக, ஆனால் விட்டுக்கொடுக்காமல் பேசுங்கள். திரும்பவில்லை என்றால், விரல்களைக் காட்டும் அந்தப் பயிற்சியை வீட்டு வாசலிலேயே நீங்கள் தொடங்கலாம். அதற்கு ஒரு பந்தும் உங்கள் பத்து விரல்களும் போதும்.

அதோடு, 1974 ஜூன் 23 அன்று ஸ்டுட்கார்ட்டில் போலந்து இத்தாலியை 2-1 என வென்ற ஆட்டத்தை முழுதாகப் பாருங்கள். ஷார்மாக் தலையால் முட்டிய கோலும், காஸ்பெர்சாக் கொடுத்த பந்தை டெய்னா நிறுத்தாமலே உதைத்து இத்தாலியின் கோல்காவலர் சோஃபைக் கடந்த கோலும் இடைவேளைக்குச் சற்று முன் வருகின்றன. அதுவரை பந்தைப் பின்தொடராமல் டெய்னாவை மட்டும் பாருங்கள், பையனையும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொள்ளுங்கள். பார்த்துவிட்டு எழுதுங்கள், அவன் என்ன சொன்னான் என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.