எக்ஸ்ட்ராக்கள் போட்ட ஓட்டு

கேள்வி: வால்டர் பிரென்னன் என்ற பழைய ஹாலிவுட் நடிகர் துணை நடிகருக்கான ஆஸ்கரை மூன்று முறை வாங்கியவராம். எக்ஸ்ட்ரா நடிகர்கள் மொத்தமாக ஓட்டுக் குத்தியதால்தான் மூன்றும் கிடைத்தன என்று படித்தேன். ஆள் பலத்தால் வந்த விருதெல்லாம் ஒரு விருதா? ஹீரோவாகவே ஆக முடியாத ஒருவரை ஏன் இப்படித் தூக்கிப் பிடிக்கிறார்கள்?

பதில்: நீங்கள் படித்ததில் பாதி சரி. 1930-களின் பின்பாதியில் ஆஸ்கர் வாக்குச்சீட்டு எக்ஸ்ட்ராக்கள் கைக்கும் போனது. எண்ணிக்கையில் அவர்கள்தான் அதிகம். பிரென்னனோ அந்தக் கூட்டத்திலிருந்து வந்தவர். 1920-களில் கும்பலில் ஒரு தலையாக, சண்டையில் விழுகிற ஆளாக, கிடைத்த வேஷத்தையெல்லாம் போட்டவர். ‘நம்ம ஆள்’ என்று குத்தியிருப்பார்கள்தான். பிற்பாடு அந்த ஓட்டுரிமையையே பறித்துவிட்டார்கள் என்பதும் உண்மை.

அதற்காக அவர்கள் ஓட்டு மட்டும் மட்டமா? ஸ்டூடியோ முதலாளிகள் தங்கள் கம்பெனி ஆட்களிடம் ‘நம்ம படத்துக்கே போடு’ என்று சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. முதலாளி சொல்லிப் போட்டால் மரியாதை, தினக்கூலிக்காரர் தானாகப் போட்டால் கள்ள ஓட்டா? செட்டில் நாள் முழுக்க ஓரமாக நின்று, யார் வேலை தெரிந்தவர், யார் வெறும் பந்தா என்று பக்கத்தில் பார்த்தவர்கள் ஐயா அவர்கள்.

உங்களுக்காக ஒன்றை விட்டுக்கொடுக்கிறேன். 1938-இல் ‘கென்டக்கி’ படத்துக்கு வந்த விருது. குதிரைப் பந்தயமே உயிர் என்று இருக்கும் சிடுமூஞ்சிக் கிழவர் வேஷம், கொஞ்சம் கத்தல் ஜாஸ்தி. அதே வருடம் போட்டியில் இருந்த ஜான் கார்ஃபீல்டுக்கு, ‘ஃபோர் டாட்டர்ஸ்’ படத்துக்காக, அதைக் கொடுத்திருக்கலாம். 1936-இல் ‘கம் அண்ட் கெட் இட்’ படத்தில் சுவீடன்காரராக வந்து வாங்கிய முதல் விருதைப் பற்றி வேண்டுமானால் சண்டை போடலாம்.

ஆனால் 1940-இல் வந்த ‘தி வெஸ்டர்னர்’? அதைப் பார்த்துவிட்டு இந்தக் கேள்வியைக் கேட்டிருக்க மாட்டீர்கள். மதுக்கடையையே கோர்ட்டாக வைத்துக்கொண்டு ஆட்களைத் தூக்கில் போடும் நீதிபதி ராய் பீன் வேஷம். ஹீரோ கேரி கூப்பர் குதிரை திருடியதாகப் பிடிபட்டு அங்கே வருகிறார், கயிறு தயார். நீதிபதிக்கு லில்லி லாங்ட்ரி என்ற நடிகை மேல் பைத்தியம் என்பதைச் சுவரில் இருக்கும் படங்களை வைத்தே கண்டுபிடித்து, ‘அவளுடைய கூந்தல் கற்றை ஒன்று என்னிடம் இருக்கிறது’ என்று அளந்துவிடுகிறார். அதைக் கேட்ட பிரென்னன் முகத்தைப் பாருங்கள். ஈவு இரக்கம் இல்லாத கொலைகார மனுஷன் நொடியில் பள்ளிக்கூடப் பையனாகிவிடுகிறார். கூப்பர் உயிர் தப்புவது பொய்யால்தான், ஆனால் அந்தப் பொய்யை நாமும் நம்புவது பிரென்னனால். அந்த வருடம் தோற்றவர்களில் சாப்ளின் படத்தில் முசோலினியை நையாண்டி செய்த ஜாக் ஓக்கியும் உண்டு. கூட்டத்தின் ஓட்டு இல்லாவிட்டாலும் என் ஓட்டு பிரென்னனுக்கே.

ஹீரோவாக முடியாதவர் என்கிறீர்களே, இவர் இல்லாமல் அந்த ஹீரோக்கள் பாடு என்ன ஆகியிருக்கும்? இயக்குநர் ஹோவர்ட் ஹாக்ஸைக் கேட்டால் தெரியும், ஆறு படங்களில் இவரை வைத்திருந்தார். ‘டு ஹேவ் அண்ட் ஹேவ் நாட்’ (1944) படத்தில் பிரென்னன் ஒரு குடிகாரர். எதிர்ப்படுகிறவர்களிடம் எல்லாம், ‘செத்த தேனீ உன்னைக் கொட்டியிருக்கிறதா?’ என்று கேட்பார். உளறல் என்று ஒதுக்குகிறவர்களை நமக்கும் பிடிக்காமல் போகும். ஹீரோயின் லாரன் பகால் மட்டும் அசராமல், ‘உன்னைக் கொட்டியிருக்கிறதா?’ என்று திருப்பிக் கேட்பார். அந்த நிமிடமே அந்தப் பெண் யார் என்று தெரிந்துவிடுகிறது. ஹீரோ ஹம்ஃப்ரி போகார்ட் இந்தக் குடிகாரரைக் கூடவே வைத்துக் காப்பாற்றுகிறாரே, அதில்தான் அவருடைய ஈரம் தெரிகிறது. ‘ரியோ பிராவோ’விலும் (1959) இப்படித்தான். ஜான் வெய்ன் வாய் திறந்து யாரையும் பாராட்டாத ஷெரிப். அதைச் சொல்லிச் சொல்லிப் புலம்பும் நொண்டிக் கிழவர் பிரென்னனின் தலையில் ஒரு கட்டத்தில் சட்டென்று முத்தம் கொடுத்துவிடுவார். கிழவர் பதிலுக்கு விளக்குமாற்றால் ஒன்று போடுவார்! வெய்னை நாம் நெருங்கிப் பார்ப்பது அங்கேதான்.

கிழவர் கிழவர் என்கிறேன், ஆனால் அந்த மாதிரி வேஷங்களை முதலில் பிடித்தபோது அவருக்கு வயது நாற்பதை ஒட்டித்தான். 1930-களின் தொடக்கத்தில் ஒரு விபத்தில் முன்பற்கள் போய்விட்டன. பல்செட்டைக் கழற்றினால் எழுபது வயது, மாட்டினால் நாற்பது. ஹாக்ஸைப் பார்க்கப் போனபோது, ‘பல்லோடவா, பல் இல்லாமலா?’ என்று கேட்டாராம். இன்னொருவர் வாய்ப்பு போச்சு என்று வீட்டில் உட்கார்ந்திருப்பார். ‘ரெட் ரிவர்’ (1948) படத்தில் இதையே நகைச்சுவையாக்கினார்கள். பல்செட்டைச் சீட்டாட்டத்தில் தோற்றுவிட்டு, சாப்பாட்டு வேளைக்கு மட்டும் வென்றவரிடம் கேட்டு வாங்கிக்கொள்வார்.

அவருடைய அரசியல் எனக்கு ஆகாது. கடைசிக் காலத்தில் கடைந்தெடுத்த வலதுசாரி. அது வேறு கணக்கு.

இன்னொன்று, பிரென்னனுக்கு அந்த மூன்று முறையும் மேடையில் கிடைத்தது சிலை இல்லை. துணைப் பாத்திரங்களுக்கு அப்போது பலகை மாதிரி ஒரு பட்டயம்தான் கொடுத்தார்கள். முழுச் சிலை 1943-ஆம் வருடப் படங்களிலிருந்துதான் வந்தது. நான்காவதாக 1941-இல் ‘சார்ஜென்ட் யார்க்’ படத்துக்குப் பரிந்துரையானபோது டொனால்டு கிரிஸ்ப் ஜெயித்துவிட்டார்.

ஹீரோவானாரா என்றால், ஆனார். 1957-இல் ‘தி ரியல் மெக்காய்ஸ்’ தொலைக்காட்சித் தொடரில், 63 வயதில். அதிலும் தாத்தா வேஷம்தான், ஆறு வருடம் ஓடியது.