காட்டுக் கோயிலும் கார் வாடகையும்

போன மாதம் கம்போடியாவின் அங்கோர் கோயில்களுக்கான நுழைவுச் சீட்டு பற்றி ஒரு கடிதத்துக்குப் பதில் எழுதினேன். அதிலிருந்து தபால் பெட்டி முழுக்கக் கம்போடியா. அதிலும் கூட்டம் எட்டிப் பார்க்காத கோயில்களுக்குத் தனி வண்டி பிடித்துப் போகத் துடிப்பவர்கள் பாதி, போய்விட்டு வந்து புலம்புகிறவர்கள் மீதி. கடிதங்களை நறுக்கித்தான் போட்டிருக்கிறேன். பேரன் பிறந்த செய்தி எழுதியவருக்கு வாழ்த்து, அச்சேற்ற இடமில்லை.

அங்கோருக்குப் பக்கத்து ஊரான சியெம் ரீப்பில் தங்கிய ஹோட்டலிலேயே கோ கேர், பெங் மெலியா என்ற காட்டுக் கோயில்கள் இரண்டுக்கும் 'தனிப் பயணம்' பேசினோம். தலைக்கு 75 டாலர், நான்கு பேர். காலை 9 மணிக்குக் கிளம்பி மாலை 5-க்குத் திரும்பினோம். விலை நியாயமா?
– வேளச்சேரி வாசகர்

தலைக்கு எவ்வளவு என்று கேட்டீர்கள் பாருங்கள், அங்கேயே கதை முடிந்தது. தனி வண்டிக்கு விலை வண்டிக்குத்தான். ஒருவர் ஏறினாலும் நால்வர் ஏறினாலும் டீசல் அதே டீசல், ஓட்டுநரும் அதே ஒருவர். ஒரு காருக்கு 300 டாலர் கொடுத்திருக்கிறீர்கள். தெருவில் இறங்கி இன்னும் இரண்டு பேரிடம் 'கார் மொத்தமாக எவ்வளவு?' என்று கேட்டிருந்தால், அவர்கள் சொல்லும் குறைந்த விலையிலேயே உங்கள் முகம் வாடியிருக்கும்.

அதைவிட என்னைக் கடுப்பேற்றுவது அந்த 9 மணி. கோ கேர் சியெம் ரீப்பிலிருந்து சுமார் 120 கிலோமீட்டர். போக இரண்டு மணி நேரத்துக்கு மேல், வரவும் அப்படியே. பெங் மெலியா வழியில்தான், ஆனாலும் நிற்க வேண்டுமே. எட்டு மணி நேரத்தில் சாலைக்கு நாலரை, சாப்பாட்டுக்கு முக்கால் போனால், இரண்டு இடத்துக்குமாக மூன்று மணி நேரம்கூட மிஞ்சாது. கோ கேர் ஒரு கோயில் இல்லை, கி.பி. 928 முதல் 944 வரை கெமெர் (பழைய கம்போடிய) பேரரசின் தலைநகரமாக இருந்த ஊர். காட்டுக்குள் பல டஜன் கோயில்கள் சிதறிக் கிடக்கின்றன. நீங்கள் பார்த்தது ஏழடுக்குப் பிரமிடு ஒன்றை மட்டும் என்று ஊகிக்கிறேன். அதுவும் உச்சி வெயிலில், 36 மீட்டர் உயரம், மரப்படியில். கோயிலா விற்றார்கள் உங்களுக்கு? வண்டியையும் நேரத்தையும் விற்றார்கள். வண்டியைப் பார்த்தீர்கள், நேரத்தை எண்ணவில்லை. காலை ஆறரைக்கு மேல் கிளம்புகிற எந்தக் கோ கேர் பயணத்துக்கும் நான் காசு கொடுக்க மாட்டேன்.

ஒரே நாளில் பிரியா விகார் (தாய்லாந்து எல்லைக் கோயில்), கோ கேர், பெங் மெலியா மூன்றையும் பார்க்க முடியுமா?
– ஈரோடு

நாள் முழுக்க வண்டியிலேயே போகும். கோயிலைவிடக் கார் சீட்டைப் பற்றித்தான் விரிவாகத் தெரிந்துகொள்ளலாம்.

'எல்லாம் உட்பட' என்று சொல்லித்தான் பணம் வாங்கினார்கள். கோ கேர் வாசலில் ஆளுக்கு 15 டாலர் சீட்டு வாங்கச் சொன்னார்கள். சாப்பாட்டுக்கும் நாங்களே கொடுத்தோம். ஓட்டுநரிடம் கேட்டால் சிரிக்கிறார். கோயிலில் எதைப் பற்றிக் கேட்டாலும் 'ஓல்ட், வெரி ஓல்ட்' என்கிறார்.
– திருப்பூர் வாசகி

'உட்பட' என்ற சொல்லை வணிகர்கள் வாயிலிருந்து சட்டம் போட்டுப் பிடுங்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. பன்னிரண்டு வருடம் முன்பு என் வீட்டுச் சமையலறைக்கு அலமாரி போட்டேன். 'ஃபிட்டிங் உட்பட.' வந்து மாட்டிவிட்டுப் போனார்கள். ஒரு கதவையும் திறக்க முடியவில்லை, பிடியே இல்லை. பிடி 'ஃபிட்டிங்'கில் சேராதாம், அது 'ஹார்ட்வேர்' கணக்காம். இரண்டு வாரம் கரண்டிக் காம்பால் நெம்பித் திறந்து உப்பு எடுத்தோம். அன்றைக்குக் கற்றதைச் சொல்கிறேன்: 'உட்பட' என்று ஒருவர் சொன்னால், உடனே 'எது எது உட்பட, எது எது இல்லை' என்று இரண்டு பட்டியல் கேட்க வேண்டும். இரண்டாவது பட்டியல்தான் முக்கியம். 'இல்லாதது ஒன்றுமே இல்லை சார்' என்று சொல்கிறவரிடமிருந்து எழுந்து வந்துவிடுங்கள்.

கம்போடியாவில் இந்தச் சொல் எப்படி விளையாடுகிறது என்றால், நுழைவுச் சீட்டே ஒன்றல்ல. அங்கோர் சீட்டு ஒரு நாளுக்கு 37 டாலர், மூன்று நாளுக்கு 62, ஏழு நாளுக்கு 72. உங்கள் முகத்தைப் படமெடுத்து அதிலேயே அச்சடித்துக் கொடுப்பார்கள். இன்னொருவருக்குக் கைமாற்ற முடியாது, 'பாதி நாள் மிச்சமிருக்கிற சீட்டு' என்று யாராவது மலிவாக நீட்டினால் வாங்காதீர்கள். பெங் மெலியா முன்பு தனிச் சீட்டாக இருந்தது, 2020 முதல் இந்த அங்கோர் சீட்டில் சேர்ந்துவிட்டது. கோ கேர் சேரவில்லை, அதற்குத் தனியே 15. குலேன் மலைக்குத் தனியே 20. ஆக, 'நுழைவுக் கட்டணம் உட்பட' என்று சொல்கிறவர் எந்தச் சீட்டைச் சொல்கிறார்? பெரும்பாலும் எதையும் சொல்லவில்லை. வண்டி நிறுத்தக் கட்டணத்தைச் சொல்கிறார்.

இன்னொன்று, 'ஆங்கிலம் பேசும் ஓட்டுநர்' என்று விளம்பரத்தில் இருக்கும். நாம் அதை 'வழிகாட்டி' என்று படித்துக்கொள்கிறோம். அங்கே வழிகாட்டி என்றால் சுற்றுலா அமைச்சகத்தின் உரிம அட்டை வைத்திருப்பவர், அவருக்குத் தனிக் கூலி. ஓட்டுநர் உங்களை வாசலில் இறக்கிவிட்டு மரத்தடியில் ஏணை கட்டிப் படுத்துவிடுவார். தப்பே இல்லை, அதிகாலையிலிருந்து ஓட்டியவர். கூட்டமில்லாத கோயிலுக்குத்தான் வழிகாட்டி அதிகம் தேவை. அங்கோர் வாட்டில் பக்கத்துக் குழுவின் வழிகாட்டி சொல்வதை ஓசியில் கேட்கலாம் (கேட்டிருக்கிறேன்). பெங் மெலியாவில் அந்த வசதி கிடையாது. இடிந்து குவிந்த மணற்கற்களுக்கு நடுவே நின்றால், இது அங்கோர் வாட் கட்டப்பட்ட அதே 12-ஆம் நூற்றாண்டு பாணி, அதன் தம்பி மாதிரி என்று சொல்ல ஆள் வேண்டும். இல்லையென்றால் 'வெரி ஓல்ட்'தான்.

உங்கள் 15 டாலர் திரும்பாது அம்மா. ஆனால் ஏமாந்தது உங்கள் தப்பில்லை. சொன்ன வார்த்தையை நம்பினீர்கள், அவ்வளவுதான்.

நூறு டாலர் தாளில் ஓரம் லேசாகக் கிழிந்திருந்தது. ஒரு கடைக்காரரும் வாங்கவில்லை. இது என்ன அநியாயம்?
– காரைக்குடி

அங்கே அப்படித்தான். டாலர் புழங்கும், கிழிந்த டாலர் புழங்காது. நாணயம் மாற்றிய கவுன்டரிலேயே ஒவ்வொரு தாளாகப் பார்த்து வாங்கியிருக்க வேண்டும். நாலு நாள் ஊரெல்லாம் சுமந்துவிட்டு அநியாயம் என்றால் எப்படி?

எனக்கு 68 வயது. மகளுடன் போனேன். கம்போடியா போகுமுன் இணையத்தில் வருகைப் படிவம் நிரப்பினேன், 62 டாலர் கார்டில் எடுத்துக்கொண்டார்கள். விமான நிலையத்தில் அது இலவசம் என்கிறார்கள். மகள் இன்னும் திட்டுகிறாள்.
– நாகர்கோவில்

மகளிடம் இதைக் காட்டுங்கள்: திட்டு வாங்க வேண்டியது நீங்கள் அல்ல. அரசுத் தளத்தைப் போலவே அதே கொடி, அதே கோயில் படம் போட்டு நடத்துகிறார்கள். தேடினால் முதலில் வருவது பெரும்பாலும் காசு கொடுத்து மேலே ஏறிய விளம்பரம். படித்தவர்கள், கணினியில் பிழைப்பவர்கள் விழுகிறார்கள்.

மின்வருகைப் படிவம் இலவசம். விசா வேறு, அதற்குக் கட்டணம் உண்டு. இந்த இரண்டையும் குழப்புவதுதான் அவர்கள் தொழில். உண்மையான தளத்தின் முகவரி 'ஜிஓவி டாட் கேஎச்' என்று முடியும். இப்போது செய்ய வேண்டியது: கார்டு கொடுத்த வங்கிக்கு எழுத்தில் புகார், பரிவர்த்தனையை மறுக்கிறேன் என்று. இலவசப் படிவத்துக்குப் பணம் வாங்கியதன் ஸ்கிரீன்ஷாட்டையும் அரசுத் தளத்தில் 'கட்டணமில்லை' என்றிருப்பதையும் சேர்த்து அனுப்புங்கள். 1930-க்கும் அழையுங்கள், அது இணைய மோசடிக்கான எண். பணம் வந்தால் எனக்கு எழுதுங்கள். வராவிட்டாலும் எழுதுங்கள்.

பழைய சாமான் கடையில் அப்சரஸ் தலை ஒன்று வாங்கினேன். கல். 11-ஆம் நூற்றாண்டு என்று சொல்லி 200 டாலர் கேட்டார், 140-க்கு முடித்தேன். உண்மையானதா என்று எப்படிச் சோதிப்பது?
– கும்பகோணம்

கும்பகோணத்திலிருந்தா இந்தக் கேள்வி! பொய் என்றால் 140 டாலர் போச்சு. நிஜம் என்றால் நீங்கள் திருட்டுப் பொருள் வாங்கியவர். கம்போடியாவில் 1996 முதல் அதற்குச் சட்டமே இருக்கிறது. பொய்யாக இருக்க வேண்டிக்கொள்ளுங்கள்.

கோ கேருக்குப் போனீர்களா? அங்கே பிரசாத் சென் என்ற கோயிலில் பீமனும் துரியோதனனும் கதாயுதத்தோடு மோதத் தயாராக நின்றார்கள். உள்நாட்டுப் போர்க் காலத்தில் கணுக்காலோடு அறுத்து எடுத்துப் போய்விட்டார்கள். பீடத்தில் பாதங்கள் மட்டும் மிச்சம். அந்தத் துரியோதனன் 2011-இல் நியூயார்க்கில் ஏலத்துக்கு வந்தான். பாதமும் உடலும் ஒட்டுகிறதே என்று கம்போடியா கேட்க, அமெரிக்க அரசு வழக்குப் போட்டு, 2014-இல் ஊர் திரும்பினான். பீமனும் அதே ஆண்டு கலிபோர்னியாவிலிருந்து வந்தான். நம் ஸ்ரீபுரந்தான் நடராசர் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்ததும் 2014-தான். அந்தச் செய்தியைப் படித்து நீங்களும் சந்தோஷப்பட்டிருப்பீர்கள் என்று நினைக்கிறேன். அடுத்த கேள்வி.

பெங் மெலியாவுக்கு நல்ல ஷூ அவசியமா? செருப்பு போதாதா?
– சேலம்

தள்ளுபடியில் 399 ரூபாய்க்கு ஒரு சாண்டல் வாங்கி அங்கே போனவன் நான். மழைக்காலம், பாசி பிடித்த கற்கள். இரண்டாவது கற்குவியலில் அடிப்பாகம் தனியே கழன்று வாய் திறந்தது. வாசல் கடையில் அவர்கள் கழுத்தில் போடும் கட்டம் போட்ட கிராமாத் துண்டு ஒன்று வாங்கி, காலோடு சேர்த்துக் கட்டிக்கொண்டு நொண்டினேன். துண்டு இன்னும் நன்றாக இருக்கிறது. ஷூ வாங்குங்கள். கூடவே ஒன்று: பாதையை விட்டு விலகிப் படம் எடுக்கப் போகாதீர்கள். அந்தப் பக்கமெல்லாம் ஒரு காலத்தில் கண்ணிவெடி புதைத்த காடு. கோயில் வளாகங்களில் அகற்றிவிட்டார்கள், காடு முழுக்க என்று யாரும் உறுதி கொடுக்கவில்லை.

'சோழர் தடம் தேடி கம்போடியா' என்று ஒரு தொகுப்புப் பயணம். மற்றவற்றைவிட 22,000 ரூபாய் கூடுதல், 'வரலாற்று நிபுணர்' வருகிறார். கட்டலாமா?
– சிங்கப்பூர்

கோ கேரில் அந்தப் பிரமிடை எழுப்பியவன் நான்காம் ஜெயவர்மன். அப்போது இங்கே ஆண்டவன் முதலாம் பராந்தகன், அவனுக்கு ராஷ்டிரகூடர் தொல்லையே தலைக்கு மேல். காம்போஜ (கம்போடிய) அரசன் ராஜேந்திர சோழனுக்குத் தேர் அனுப்பியது கரந்தைச் செப்பேட்டில் இருக்கிறது. கெமெர் எழுத்தின் வேர் பல்லவ எழுத்து. உறவு நிஜம், 'சோழன் கட்டிய கோயில்' என்பது புரளி. நிபுணரிடம் போகுமுன்பே கேளுங்கள், எந்தக் கல்வெட்டு என்று. வாட்ஸ்அப்பில் வந்தது என்றால் 22,000 மிச்சம்.

பிரியா விகாருக்கு முன்பணம் கட்டினோம். இப்போது பணம் வாங்கியவர் 'அங்கே விடமாட்டார்கள், பதிலுக்கு பெங் மெலியா கூட்டிப் போகிறேன்' என்கிறார்.
– புதுச்சேரி

கோயில் நிற்பதே தாய்லாந்து எல்லையில், மலை விளிம்பில். கோயில் கம்போடியாவுக்கு என்று 1962-இல் பன்னாட்டு நீதிமன்றம் சொல்லியும் தகராறு ஓயவில்லை. 2025 ஜூலையில் சண்டை, டிசம்பரில் மறுபடியும். இது தெரிந்தே வாயைத் திறக்காமல் முன்பணம் வாங்கியவர் முழுத் தொகையையும் திருப்பித் தர வேண்டும். பெங் மெலியா உங்களுக்குப் பிடித்தால் தனியே விலை பேசி வாங்குங்கள். அவர் தருகிற சமாதானப் பரிசாக வேண்டாம். பயணக் காப்பீட்டில் கேட்கலாமே என்று எழுதியிருக்கிறீர்கள். 'போர்' விலக்கு என்று உள்ளே ஒரு வரி இருக்கும், முதலில் அதைப் படியுங்கள்.

சென்னை முகவரிடம் கட்டினோம். 'பிரைவேட் கார்' என்றார். வந்தது பன்னிரண்டு பேர் வேன். ஆறு பேர் எங்களுக்கு முன்பே ஏறியிருந்தார்கள். என் அப்பாவுக்கு முழங்கால் வலி, கடைசி சீட். முகவர் இப்போது போனை எடுப்பதில்லை. டிசிஎஸ் (வெளிநாட்டுப் பயணத் தொகுப்புக்கு முகவர் பிடிக்கும் வரி) என்று பிடித்த பணத்துக்கும் தாள் இல்லை.
– ஆவடி

'பிரைவேட்' என்று அவர் அனுப்பிய வாட்ஸ்அப் செய்தி இருக்கிறதா? இருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள், அது போதும். அதை அழிக்காதீர்கள், போனை மாற்றாதீர்கள். முதலில் 1915, தேசிய நுகர்வோர் உதவி எண். மசியவில்லை என்றால் மாவட்ட நுகர்வோர் ஆணையம். 2019 சட்டப்படி நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்திலேயே போடலாம். கொடுத்த தொகை 5 லட்சத்துக்குள் என்றால் கட்டணம் கிடையாது, இரண்டு வருடத்துக்குள் போட வேண்டும். வழக்கறிஞர் இல்லாமலும் போகலாம். கார் வாடகை வித்தியாசத்தோடு நிறுத்தாதீர்கள். அப்பா பட்ட அவதிக்கும் தனியே கேளுங்கள்.

டிசிஎஸ் பிடித்தால் அதற்குச் சான்றிதழ் தர வேண்டும். உங்கள் பான் எண்ணில் வரி வரவுப் பட்டியலை (26ஏஎஸ் என்பார்கள்) எடுத்துப் பாருங்கள். அங்கே அந்தத் தொகை இல்லையென்றால் பிடித்ததை அவர் அரசுக்குக் கட்டவில்லை, அல்லது உங்கள் பெயரில் கணக்குக் காட்டவில்லை. அது உங்களுக்கு இன்னொரு ஆயுதம். ஆணையத்தில் எண் கிடைத்ததும் தெரிவியுங்கள்.

பந்தேய் சமார் போக வேண்டும் என்று ஆசை. நீங்கள் போயிருக்கிறீர்களா?
– மதுரை

இல்லை. ஏழாம் ஜெயவர்மன் காலத்துக் கோயில், அங்கோரின் பயோன் கோயில் போலவே முகக் கோபுரங்கள், சுவரில் பல கைகளோடு லோகேசுவரர் என்ற போதிசத்துவர். 1998 வாக்கில் அந்தச் சுவரில் ஒரு பகுதியையே பெயர்த்து லாரியில் ஏற்றி எல்லை தாண்டினார்கள். ஒரு லாரி தாய்லாந்தில் பிடிபட்டது. கிராமத்திலேயே வீடுகளில் தங்க இடம் கொடுக்கிறார்கள், ஒரே நாளில் போய்த் திரும்பாமல் அப்படித் தங்கிப் பார்ப்பதுதான் சரி. எல்லைக்குக் கிட்டத்தில் என்பதால் புறப்படுமுன் நிலவரம் கேட்டுக்கொள்ளுங்கள்.

நானும் ஓர் ஓட்டுநரிடம் 30 டாலர் முன்பணம் கொடுத்து வைத்திருந்தேன். பிறகு சண்டை மூண்டது, போகவில்லை. அவர் எண் இப்போது வேலை செய்யவில்லை. ரசீது வாங்கினேனா என்று கேட்காதீர்கள்.